கை கொடுத்தேன், வழக்கை விடவில்லை

சகோதரங்களே, எனக்கு இனிக்க இனிக்கப் பேச வராது. புனித அந்தோனியார் என்னைக் கைவிடவில்லை, அதைச் சொல்லத்தான் எழுந்து நிற்கிறேன், அதுவும் ஒற்றைக் காலில்.

எங்கள் ஊருக்குப் பக்கத்துத் தாராபுரத்தடியில் மீன்பெட்டியோடு சைக்கிளில் போன என்னை லொறி அடித்துப் போட்டது. இடது கால் போய்விட்டது. லொறிக்காரர் எங்கள் கோயில் பங்கைச் சேர்ந்தவர்தான். ஆனால் ஆஸ்பத்திரிப் பக்கம் ஒருநாளும் தலைகாட்டவில்லை. கடலுக்குப் போக முடியாதவன் பிள்ளைகளுக்கு என்னத்தைக் கொடுப்பது? நட்டஈடு கேட்டு வழக்குப் போட்டேன்.

தவக்காலம் வந்தது. பகை உள்ளவர்கள் பெரிய வியாழனுக்கு முன் கோயிலில் கைகொடுத்துச் சமாதானமாவது எங்கள் ஊர் வழக்கம். கோயில் சபைத் தலைவர் வீட்டுக்கு வந்து, பகையோடு நற்கருணை வாங்கப் போகிறாயா என்று கேட்டார். பல்லைக் கடித்துக்கொண்டு லொறிக்காரருக்குக் கை கொடுத்தேன். மன்னித்தேன் என்றும் சொன்னேன்.

விசாரணை நாளில் லொறிக்காரருடைய சட்டத்தரணி எழும்பி, இவர்கள் கோயிலில் சமாதானமாகிவிட்டார்கள், வழக்கைத் தள்ள வேண்டும் என்றார். சாட்சிக்கு அதே சபைத் தலைவர். நான் கை கொடுத்ததைக் கண்டதாகச் சத்தியம் செய்து சொன்னார். அது உண்மைதான், அதனால்தான் வயிறு எரிந்தது. நான் பேச எழும்ப, என்னை விசாரிக்கத் தேவையில்லை என்று அந்தச் சட்டத்தரணி மறித்தார். என்னுடைய சட்டத்தரணி எழும்பாமல் தன் கடதாசிகளைப் புரட்டிக்கொண்டிருந்தார். நீதிபதி சாப்பாட்டுக்குப் பிறகு முடிவு சொல்வதாக எழுந்து போனார்.

வெளியே மதிலோடு சாய்ந்து நின்று ஜெபித்தேன். ஜெபமா அது, சண்டை.

"அந்தோனியாரே, உங்கட கோயிலிலதான் கை குடுத்தனான். அதை வைச்சே என்ர கழுத்தை அறுக்கிறாங்கள். வெல்ல வைக்கச் சொல்லிக் கேக்கேல்ல. என்ர வாயால ஒருக்காச் சொல்ல விடுங்கோ."

அழுதுவிட்டேன். மனைவி என்னைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

உள்ளே போனதும் நீதிபதி முடிவு சொல்லவில்லை. அடிபட்டவரைக் கேட்காமல் தீர்ப்புச் சொல்ல முடியாது என்று என்னைச் சாட்சிக்கூண்டுக்கு அழைத்தார். அந்தச் சட்டத்தரணியின் முகம் போன போக்கை நான் சாகும்வரை மறக்க மாட்டேன்.

"கை குடுத்தது உண்மை ஐயா," என்றேன். "எங்கட கடல்ல ஒருத்தன்ர படகு மற்றவன்ர வலையை அறுத்தாலும் தவக்காலத்தில கை குடுப்பம். அதுக்காக வலையை ஆரும் விடுறேல்ல. அறுத்தவன் கட்டிக் குடுக்கத்தான் வேணும்."

இது சரியா என்று நீதிபதி சபைத் தலைவரைக் கேட்டார். அவர் என் முகத்தைப் பார்க்காமல், "ஓம் ஐயா, அப்பிடித்தான்," என்றார்.

வழக்குத் தள்ளுபடியாகவில்லை. முழுக்க விசாரித்து எனக்கு நட்டஈடு கொடுக்கும்படி தீர்ப்புச் சொன்னார்கள். இப்போது கரையில் வலை கட்டிக்கொடுத்துப் பிழைக்கிறேன். அந்தோனியாருக்குக் கோடி நன்றி.

லொறிக்காரரைக் கண்டால் எனக்கு இன்னும் பற்றிக்கொண்டு வருகிறது. மனதோடு மன்னிக்கும் வரத்தைத்தான் இப்போது தினமும் கேட்கிறேன்.

சகோதரங்களே, உங்களுக்கு அநியாயம் நடந்தால் கோபத்தோடு என்றாலும் அந்தோனியாரிடம் போங்கள். நீங்கள் மன்னித்ததைக் காட்டியே உங்கள் வாயைக் கட்ட யாராவது வந்தால், அது கடவுளின் சித்தம் என்று மட்டும் நம்பிவிடாதீர்கள். என் கடவுள் என்னைப் பேச விட்டார்.