மஹ்குல் விரித்த வெள்ளைத் துணி

ஈரானின் மஷ்ஹத் நகரத்தின் ஓரத்தில், ஆப்கானியர்கள் நெருக்கியடித்து வாழும் எங்கள் பேட்டையில், நான் நடத்தும் தையல் கூடத்துக்குப் பட்டன் தைக்க வந்தவள் மஹ்குல். பெற்றோர் போருக்குத் தப்பி மலையிறங்கி வந்தவர்கள். அவள் பிறந்தது இங்கே. இங்கே அவளை ஆப்கானி என்றார்கள். ஒருமுறை காபூலுக்குப் போனபோது, பேச்சைக் கேட்டு ஈரான்காரி என்று சிரித்தார்களாம்.

"ரெண்டு ஊர்லயும் நான் விருந்தாளிதான் அக்கா. ஆனா ஒருத்தரும் ஒரு டீ குடுக்கல" என்றாள் திரும்பி வந்து.

மூன்று வருடம் பட்டன் தைத்து ஒரு பழைய கேமரா வாங்கினாள். முதல் படம் அப்பாவைப் பற்றி என்றாள். அப்பா பெயர் இவஸ், கொத்தனார். கேமரா முன்னால் வாயே திறக்கமாட்டார்.

"எந்த ஊருப்பா நீங்க?"

"அட்டையில போட்டிருக்கு, பாத்துக்க." அகதி அட்டையை நீட்டுவார். நான்கு நாள் இதே கதை.

ஐந்தாம் நாள் வெள்ளிக்கிழமை, கூடத்துக்கு விடுமுறை. அப்பாவை அங்கே கூட்டிவந்து, துணி வெட்டும் மேசையில் வெள்ளைத் துணியை விரித்து, ஒரு கரித்துண்டை வைத்தாள்.

"பேச வேணாம். ஊர்ல இருந்த நம்ம வீட்டை வரைஞ்சு காட்டுங்க, போதும்."

கொத்தனார் கை அல்லவா, சும்மா இருக்கவில்லை. சுவர் எழுந்தது, ரொட்டி அடுப்பு வந்தது, மூன்று பாதாம் மரங்கள் நின்றன. நான் விளக்கைப் பிடித்துக்கொண்டிருந்தேன். தேநீரோடு வந்த அவர் மனைவி ஸேவர் எட்டிப் பார்த்தாள்.

"வாசலை எங்க வச்சிருக்கீங்க? அது வடக்கால்ல இருந்துச்சு!"

"கட்டினவன் நானா, நீயா?"

"கட்டினது நீங்க. குடத்தோட அதுல நுழைஞ்சது நான்."

கரியைப் பிடுங்கி வேறு வாசல் போட்டாள். அவர் சட்டைக் கையால் அழித்தார். மஹ்குல் சிரிப்பை அடக்கிக்கொண்டு படம் பிடித்தாள்.

"மரமும் தப்பு. நாலு இருந்துச்சு. ஒண்ணை நீங்கதானே வெட்டினீங்க, ஹைதர் பொறந்த குளிர்ல."

ஹைதர் மூத்த பிள்ளை. எல்லை தாண்டும் வழியில் ஜுரத்தில் போனவன். அந்தப் பெயரை அந்த வீட்டில் யாரும் எடுத்ததில்லை. இவஸ் அவள் கையிலிருந்து கரியை வாங்கினார். பிறகு நான்காவது மரத்தைத் தானே வரைந்தார்.

"ஆறு நாள் குழந்தை. அறை சூடா இருக்கணும்ல" என்றார்.

மஹ்குல் கன்னத்தைத் துடைத்துக்கொள்ளவும் இல்லை, கேமராவை நிறுத்தவும் இல்லை.

படம் பதினோரு நிமிடம். கூடத்துச் சுவரில் பேட்டைக்காரர்களுக்குப் போட்டுக் காட்டினோம். மறுவாரமே பெண்கள் துணியும் கையுமாக வந்துவிட்டார்கள். "எங்க வீட்டுக்காரரையும் வரையச் சொல்லுடி, எவ்வளவு பொய் சொல்றாருன்னு பாக்கறேன்" என்றாள் ஒருத்தி. இதுவரை மஹ்குல் இப்படி அறுபது வீடுகளைப் படம் பிடித்துவிட்டாள். பட்டன் வேலையையும் விடவில்லை.

போன வாரம் அவர்கள் வீட்டில் தேநீர் குடித்துக்கொண்டிருந்தோம். ஸேவர் திடீரென்று சொன்னாள்:

"ஹைதர் இருந்தா முப்பத்தாறு வயசு. இந்நேரம் வழுக்கை விழுந்திருக்கும், உங்கள மாதிரியே."

இவஸ் தலையைத் தடவிக்கொண்டு விழுந்து விழுந்து சிரித்தார்.