சேணாட்டில் நாள் பிறக்கும் நேரம்

அந்தத் தினசரி நாட்காட்டியின் மேல் தாளை எவரும் படிக்கவில்லை. 'இத்தாள்களின் அடியில் குறிக்கப்பெறும் சேணாட்டு நாள்கள் முற்றிலும் கற்பனையே' என்று சிவப்பு மையில் கட்டம் கட்டி அச்சிட்டிருந்தோம். ஆணியில் மாட்டிய கையோடு மேல் தாளைக் கிழித்தெறிவது நம் மக்களின் இயல்பு. ஆண்டுதோறும் நாட்காட்டி அச்சிட்டே வயிறு வளர்த்த எங்களுக்கு அது நினைவில் வரவில்லை.

எண்பதுகளில் தருமபுரியில் ஓர் அச்சகத்தில் மெய்ப்புத் திருத்தும் பணியில் நாங்கள் இருவர் இருந்தோம். இருவரும் புலவர் பட்டம் பெற்று, ஆசிரியர் வேலைக்குக் காத்திருந்தவர்கள். என்னை எவரும் பொருட்படுத்தியதில்லை. அவரை மட்டும் முதலாளி முதல் மை பூசுபவர் வரை 'புரூப் சார்' என்றே அழைத்தனர். மற்றவர் எழுதிய பிழைகளைத் திருத்தித் திருத்திச் சலித்தவர், பிழையே இல்லாத ஒரு நாட்டைத் தாமே படைத்துவிடுவது என்று தீர்மானித்தார். தொலைவைக் குறிக்கும் 'சேண்' என்னும் சொல்லைக் கொண்டு அதற்குச் சேணாடு என்று பெயரிட்டார். அரசனையோ போரையோ பற்றி அவர் கவலைப்படவில்லை. முதலில் காலக்கணக்கு செம்மையாக வேண்டும், மற்றவை தாமே அமையும் என்பது அவர் கொள்கை.

சேணாட்டில் மாதங்களைத் தீர்மானிப்பது நிலவன்று, ஊர்ப் பொதுக்கிணறு. நீர் வற்றி ஒரு படி புதிதாக வெளிப்பட்டால் ஒரு மாதம் பிறக்கும். மழை பெய்து படி மூழ்கினால் கழிந்த மாதம் திரும்பி வரும். நல்ல மழைக்காலத்தில் அந்நாட்டு மக்களுக்கு வயது குறையும். வானம் பார்த்த பூமியில் பிறந்த ஒருவருக்கன்றி இப்படியொரு கற்பனை தோன்றியிராது. வாரத்துக்கு ஐந்து நாள்கள்: உழவு, சந்தை, வழக்கு, விருந்து, அடங்கல். சண்டையிட விரும்புவோர் வழக்கு நாளில் மட்டுமே சண்டையிடலாம். மறுநாள் இரு தரப்பாரும் சேர்ந்து உண்ண வேண்டும். அடங்கல் நாளில் எவரும் எவருக்கும் எந்த வாக்கும் கொடுத்தலாகாது.

காரிமங்கலத்து ஜவுளிக்கடைக்காரர் ஒருவர், "மத்தவங்க காலண்டர்ல இல்லாத ஏதாவது ஒன்னு நம்மதுல இருக்கணுங்க" என்று கேட்டு வந்தபோது, முதலாளி புரூப் சாரைக் கைகாட்டினார். அடுத்த ஆண்டு மழையை முன்கூட்டி அச்சிட இயலாது என்று முதலாளி சொன்னதால், கிணற்று மாதங்களைக் கனத்த மனத்துடன் கைவிட்டு, ஐந்து நாள்களையும் அவற்றின் விதிகளையும் மட்டும் சார் எழுதிக் கொடுத்தார்.

பொங்கலுக்குள் காரிமங்கலம் சேணாட்டின் ஆட்சிக்குள் வந்துவிட்டது. சந்தையில் இரண்டு பெண்கள் கூந்தலைப் பற்றும் தறுவாயில் இருந்தபோது, ஒருத்தி, "இருடி, வழக்கு நாளு நாளன்னிக்குத்தான். அன்னிக்கு வந்து உன்னெ வெச்சுக்கறேன்" என்று சொல்லிவிட்டுக் கூடையைத் தூக்கிக்கொண்டு போனதை நானே பார்த்தேன். பேருந்தில் இருக்கைக்காக மல்லுக்கட்டியவர்களிடம் நடத்துநர், "இன்னிக்கு உழவுங்க, கம்முனு வாங்க" என்றார். புரூப் சார் ஜன்னலோரம் அமர்ந்து பெருமிதத்தை மறைக்கப் பாடுபட்டார்.

அதே கடைக்காரர் தம் மகளை அவருக்குக் கொடுக்க முன்வந்தார். சாருக்கு அப்போது முப்பத்து நான்கு வயது. பெண் வீட்டார் கொண்டுவந்த ஜாதகங்களில் சிவப்பு மையால் பிழை திருத்திக் கொடுத்தே முந்தைய வரன்களை இழந்தவர் அவர். ஜோதிடர் நாள் குறித்தார். அழைப்பிதழும் அச்சாகிவிட்டது. பிறகுதான் மணமகளின் அத்தை நாட்காட்டியைப் புரட்டிப் பார்த்து அலறினார். திருமண நாள் அடங்கல் நாள். தாலி கட்டுவதைவிடப் பெரிய வாக்கு வேறென்ன? தள்ளிப்போட்டால் ஆடி கழிய வேண்டும். அதற்குள் ஓசூரிலிருக்கும் தம் மகனை மாப்பிள்ளையாக முன்னிறுத்திவிடலாம் என்பது அத்தையின் கணக்கு.

நானும் அவரும் காரிமங்கலம் விரைந்தோம். எல்லாம் தம் கற்பனை என்று சார் தலையிலடித்துக்கொண்டு சொன்னார். கடைக்காரர் அமைதியாகக் கேட்டார்.

"நீங்கதான் எழுதுனீங்க, ஒத்துக்கறேங்க மாப்ள. பஞ்சாங்கத்தையும் யாரோ ஒருத்தர்தானுங்களே எழுதுனாரு? பாதி ஊரு வூட்ல நான் குடுத்த காலண்டருதான் தொங்குது. நானே அதெ மீறுனா எவன் நம்ம கடைக்கு வருவான்?"

"மாப்ள பாவம், அடுத்த வருசம் நல்ல நாளா எழுதிக்கட்டும்" என்றார் அத்தை.

ஏதாவது ஒரு விதிவிலக்கைச் சொல்லித் தொலையுங்கள் என்று சாரின் காலை மிதித்தேன். அவர் என்னை வருத்தத்துடன் பார்த்தார். "சேணாட்டுல விலக்கு கெடையாதுங்க" என்றார். தம் வாழ்வே கவிழும் வேளையிலும், இல்லாத நாட்டின் சட்டத்தை வளைக்க அவர் மனம் ஒப்பவில்லை.

அப்போது உள்ளறை வாசலிலிருந்து மணமகள் கேட்டார்: "ஏங்க, அந்த ஊர்ல நாளு எப்பங்க பொறக்குது?"

சார் உள்ளறைப் பக்கம் திரும்பினார். "அதெ நான் யோசிக்கவே இல்லீங்க."

"அத்தனையும் எழுதுனீங்க, இதெ உட்டுட்டீங்களா?"

"உட்டுட்டனுங்க."

"அப்ப வெளக்கு வெக்கிற நேரத்துல பொறக்கட்டும். அடங்கல்னு போட்டிருக்கிற அன்னிக்குச் சாயங்காலந்தான் அடங்கலு வரும். காலைல தாலி கட்டறப்ப முந்தின விருந்து நாளே ஓடிட்டிருக்கும். கல்யாணத்துக்கு அதெவிட நல்ல நாளு ஏதுங்க?"

எல்லோரும் சாரையே நோக்கினோம். அவரோ கண்களை மூடி, அந்த யோசனையைச் சேணாட்டின் ஐந்து நாள்களிலும் வைத்துச் சரிபார்த்துக்கொண்டிருந்தார். பொருந்தவில்லை என்று சொல்லிவிடுவாரோ என்று மறுபடி அவர் காலை மிதிக்கத் தயாரானேன். கண்களைத் திறந்தவர் அத்தையையோ மாமனாரையோ பார்க்கவில்லை.

"இதுதாங்க சரி! பகல்ல வழக்கு ஆரம்பிச்சா வேலை கெட்டுப்போகும். வெளக்கு வெச்சு ஆரம்பிச்சா, தூக்கம் வந்து தானா முடிஞ்சிரும். எனக்குத் தோணவே இல்லீங்களே!"

பிறர் சொன்ன திருத்தத்தை அவர் ஏற்றுக்கொண்டதை நான் கண்டது அன்றைக்குத்தான். "பெருசா கண்டுபுடிச்சிட்டாங்க" என்று அத்தை முணுமுணுத்தார். கடைக்காரர் வாய்விட்டுச் சிரித்து, எங்களுக்குக் காப்பி கொண்டுவரச் சொன்னார். குறித்த நாளில் திருமணம் நடந்தது.

இன்று எல்லோர் கையிலும் தொலைபேசிக்குள் நாட்காட்டி இருக்கிறது. அச்சகம் இருந்த இடத்தில் செருப்புக்கடை இருக்கிறது. சென்ற மாதம் ஒரு பிற்பகலில் சார் வீட்டுக்குப் போயிருந்தேன். கணவனும் மனைவியும் ஆளுக்கொரு சுவரைப் பார்த்து அமர்ந்திருந்தார்கள். அம்மையார் எனக்குக் காப்பி தந்து, என் மனைவியின் முழங்கால் வலியை விசாரித்தார். கணவரை நோக்கி ஒரு சொல்லும் இல்லை. என்ன நடந்தது என்று சாரிடம் மெல்லக் கேட்டேன்.

"ஒன்னும் ஆகலீங்க. வழக்கு இன்னும் பொறக்கல" என்றார் அவரும் மெல்ல.

பேசிக்கொண்டிருந்ததில் பொழுது சாய்ந்தது. அம்மையார் எழுந்து விளக்கைப் போட்டார். முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு கணவருக்கு எதிரே வந்து அமர்ந்தார்.

"ம், இப்பச் சொல்லுங்க."

நான் செருப்பைத் தேடினேன்.