பிரிட்ஜுக்குப் போர்த்தின சேலை

இன்னைக்குத் தெல்தோட்டையில, தேயிலைத் தோட்டத் தொழிலாளிங்க குடியிருக்குற வரிசை வீடான ஒரு லயத்துக்கு ஆவணப்படம் எடுக்கப் போனேன். தோட்டம்னாலே அழுகையும் பஞ்சமும்னு எடுக்குற படங்களைப் பார்த்துச் சலிச்சுட்டேன். சாதாரணமா வாழுறதைக் காட்டணும்னு ஆசை.

போன வாரம் பேசிட்டு வந்தப்போ அங்க இருக்குற செல்வி அக்கா வீட்டுல பெரிய டிவி, புது பிரிட்ஜ் எல்லாம் இருந்துச்சு. இன்னைக்குக் கேமராவோட போனா டிவியைக் காணோம். பிரிட்ஜ் இருந்த மூலையில பழைய சேலை ஒண்ணைப் போர்த்தி வச்சிருக்காங்க.

"அக்கா, டிவி எங்க?"

"எந்த டிவி தம்பி?"

எட்டிப் பார்த்தா பக்கத்து வீட்டு மூலையிலயும் ஒரு சேலை.

"நானும் மஹய்யாவையில லயத்து வீட்டுலயே பொறந்து வளந்தவன் அக்கா. என்னையுமா நம்பல?"

"உன்னை நம்புறோம். நீ எடுக்குறதை யார் யார் பாப்பாங்கன்னு உனக்குத் தெரியுமா? நிவாரணம் குடுக்குற ஆபீஸ்ல ஒருத்தர் பார்த்தாப் போதும், எங்க பேரை வெட்டிருவாங்க."

சேலையோடயே எடுத்தேன். எடுத்ததைத் திரும்பப் போட்டுப் பார்த்தா, எடுக்கவே கூடாதுன்னு நினைச்ச அதே பஞ்சப் படம்.

கிளம்புறப்போ அக்கா சேலைக்குள்ள கையை விட்டு, ஜில்லுனு ஒரு சோடா எடுத்துக் குடுத்தாங்க.

"கேமராவை மூடிட்டுக் குடி."

குடிச்சேன். இதுவரைக்கும் நான் பார்த்துக் கண்ணு கலங்கின தோட்டத்துப் படங்கள்ல எத்தனை சோடா ஒளிஞ்சிருந்துச்சோ, யாருக்காவது தெரியுமா?