அப்பாவின் ரேடியோவில் இருந்த டப்பா

எழுபதுகளின் கடைசியில், கேமரன் மலையில் ரிங்லெட் ஊருக்கு மேலே இருந்த எங்கள் தேயிலைத் தோட்டத்தில் நடந்தது இது. பினாங்கில் ரேடியோ செய்யும் தொழிற்சாலையில் வேலைக்குச் சேர்ந்தபின், மாரியம்மன் திருவிழாவுக்காக முதல் முறை வீட்டுக்கு வந்திருந்தேன். "லைன்ல பொறந்தவ, அங்கயும் போயி லைன்லதான் உக்காந்திருக்கா" என்று அம்மா கேலி செய்தார். தோட்டத்து வீட்டு வரிசையும் லைன்தான், தொழிற்சாலையில் நாங்கள் உட்காரும் வரிசையும் லைன்தான்.

அப்பா சிரிக்கவில்லை. தேயிலைக் கொழுந்து ஏற்றும் லோரி ஓட்டுபவர், பேச்சு குறைவு. "வயசுப் பொண்ணு அங்க தனியா இருந்தது போதும். திருவிழா முடிஞ்சதும் இங்கயே இருந்துடு லா" என்று சொல்லிவிட்டார். எனக்கோ திரும்பிப் போகவேண்டும். அந்த வேலை அவ்வளவு பிடித்திருந்தது.

திருவிழாவன்று மத்தியானம் கோயில் மைக்செட் உறும ஆரம்பித்தது. பாட்டே கேட்கவில்லை. மைக்செட்காரர் பெட்டியைத் திறந்தால், மின்சாரத்தைத் தேக்கிவைக்கும் கண்டென்சர் டப்பா ஒன்று உப்பிக் கிடந்தது. அதன்மேல் 350 வோல்ட் என்று எழுதியிருந்தது. அவரிடம் இருந்ததோ 250. "கொறைஞ்ச நம்பர்தானே, பயமில்ல" என்று அதை ஈயம் வைத்துப் பற்றவைக்கப் போனார்.

எனக்கு வாய் சும்மா இருக்கவில்லை. தொழிற்சாலையில் நாள் முழுக்க நான் பார்ப்பதே அந்த எண்களைத்தானே. "அண்ணே, அது குடுக்குற வோல்ட் இல்ல, தாங்குற வோல்ட். 250 போட்டா வெடிச்சிடும். அதிகமா இருந்தா நல்லதுதான். 32 மைக்ரோஃபாரட்னு இருக்குல்ல, அது தேக்குற அளவு, அது மட்டும் மாறக்கூடாது" என்றேன்.

"அது வாங்க ஈப்போ டவுனுக்குத்தான் போவணும்மா" என்று அவர் தலையைச் சொறிந்தார்.

அதே 32, 450 வோல்ட் தாங்குவது, எங்கள் வீட்டிலேயே இருந்தது. அப்பாவின் ரேடியோவுக்குள். யாரையும் தொடவிடமாட்டார். முதல்நாள் தூசு துடைக்கும் சாக்கில் பின்மூடியைக் கழற்றிப் பார்த்திருந்தேன்.

கோயிலில் நின்றிருந்த அப்பாவிடம் அதைக் கேட்டதும் அவர் முகம் சுருங்கியது. "அது முன்னூத்தம்பது கேக்குது, நீ நானூத்தம்பது போடுறேங்கிற. கோயில் சாமான் எரிஞ்சா யாரு பதில் சொல்றது?"

"ஒங்க லோரி கதவுல இத்தன டன்னுன்னு எழுதியிருக்கே, அது ஏத்துன சரக்கோட எடையாப்பா? லோரி தாங்குற அளவுதானே. அதுக்குக் கம்மியா ஏத்துனா லோரிக்கு என்ன வந்துச்சு?"

அப்பா வீட்டுக்குப் போய், ரேடியோவைத் துண்டில் சுற்றி அவரே தூக்கிக்கொண்டு வந்தார்.

தேங்கியிருந்த மின்சாரத்தை இறக்கிவிட்டு அந்த டப்பாவைக் கழற்றிக் கொடுத்தேன். மைக்செட்காரர் பிளஸ், மைனஸ் பார்த்துப் பற்றவைத்தார். சுவிட்சில் நான் கை வைத்தேன். ஏதாவது ஆனால் பினாங்கும் போச்சு. போட்டதும் உறுமல் இல்லாமல் நாதஸ்வரம் மலைச்சரிவு முழுக்கக் கேட்டது. அப்பா அன்று முழுக்க ஸ்பீக்கர் பக்கத்திலேயே நின்றிருந்தார்.

மறுநாள் காலை லோரியைத் துடைத்துக்கொண்டே, "ரேடியோ இல்லாம பொழுதே போவல லா. அடுத்த லீவுக்கு வரும்போது அந்த டப்பாவ மறக்காம வாங்கிட்டு வா" என்றார். அடுத்த லீவுக்கு. அவர் என்னைத் திரும்பப் போகச் சொல்கிறார் என்று புரிய எனக்குச் சற்று நேரம் ஆனது. புரிந்ததும் ஓடிப்போய் அம்மாவைக் கட்டிக்கொண்டேன்.

கண்டென்சர் எவ்வளவு தாங்கும் என்பது அதன்மேலேயே எழுதியிருக்கும். என்னை அனுப்பிவிட்டு அப்பா எவ்வளவு தாங்கினார் என்பதை, என் மகள் வெளியூருக்கு வேலைக்குக் கிளம்பிய அன்றுதான் தெரிந்துகொண்டேன்.