லோசா அக்கா மறக்கவில்லை

செய்தி கைபேசியில்தான் வந்தது. ராயபுரத்துச் சர்ச் குழுவில் யாரோ போட்டிருந்ததை, என்னோடு வேலை பார்த்த எஸ்தர் எனக்கு அனுப்பியிருந்தாள். "ஞாபக மறதியால் நீண்ட காலம் அவதிப்பட்டு வந்த ரோசம்மா கர்த்தருக்குள் நித்திரையடைந்தார்." இந்த ஒரு வரியில் பெயரும் தப்பு, வியாதியும் தப்பு. அவர் பெயர் லோசா. அவருக்கு எதுவும் மறக்கவில்லை. அழுகைக்கு முன்னால் எனக்குக் கோபம்தான் வந்தது, இதை எழுதும்போதும் அதுதான் இருக்கிறது. திருவொற்றியூர் தையல் கம்பெனியில் அவர் பக்கத்தில் உட்கார்ந்து தைத்தவர்களும், ராயபுரத்தில் அவர் தெருவில் குடியிருந்தவர்களும் இதைப் படிக்க வேண்டும். படித்துவிட்டு என்னோடு சண்டைக்கு வந்தாலும் சரி.

லோசா அக்கா சமோவாவில் பிறந்தவர். பசிபிக் கடலில், ஹவாய்க்கும் நியூசிலாந்துக்கும் நடுவில் இருக்கிற தீவு நாடு அது. கப்பலில் ஃபிட்டராகப் போன ராயபுரத்துக்காரர் ஒருவர் அங்கே துறைமுக வேலையில் தங்கி, அவரைக் கல்யாணம் செய்துகொண்டு, உடம்பு கெட்டதும் ஊருக்கு அழைத்து வந்தார். வந்த கொஞ்ச காலத்தில் போய்ச் சேர்ந்தார். அக்கா மகன் ஜெரால்டை வளர்க்கத் தையல் மிஷினில் உட்கார்ந்தார். திரும்பிப் போயிருக்கலாமே என்று நான் ஒருமுறை கேட்டேன். புருஷனைப் புதைத்த ஊரை விட்டு எங்கே போவது என்று என்னையே திருப்பிக் கேட்டார். மெட்ராஸ் பாஷையை எங்களைவிட வேகமாகப் பேசுவார். இருந்தாலும் தெருவில் கடைசிவரை அவருக்கு 'ஆப்பிரிக்காக்காரி' என்றுதான் பெயர். எந்த நாடு என்று விசாரிக்கக்கூட நமக்குச் சோம்பல்.

நாலு பேர் உட்கார்ந்திருக்கும் இடத்தைக் கடக்கும்போது அக்கா முதுகை நன்றாக வளைத்து, கையைத் தாழ்த்தி, "துலோ" என்று முணுமுணுத்தபடி போவார்; மன்னிக்கணும் என்று அர்த்தம். உட்கார்ந்திருப்பவர்கள் முன்னால் நிமிர்ந்து நடப்பது அவர்கள் ஊரில் மரியாதைக் குறைவு. இது தெரியாமல் முதுகுவலி என்று நினைத்துத் தைலம் வாங்கிக் கொடுத்தாள் எங்கள் லைனில் ஒருத்தி. அக்கா அதையும் வாங்கி வைத்துக்கொண்டார். அவள் மனசு நோகக்கூடாதாம்.

மத்தியானம் கரண்ட் போனால் எங்களுக்குக் கொண்டாட்டம். மிஷின்கள் நின்றதும் அக்காவைச் சுற்றி உட்கார்ந்துவிடுவோம். அவர் சொன்ன கதைகளுக்கு அவர் மொழியில் ஃபாஙோஙோ என்று பெயர். நம் அரிச்சுவடியில் சும்மா உட்கார்ந்திருக்கும் 'ங' வரிசைக்கு அங்கே நல்ல வேலை. அவர்கள் ஊரில் இருட்டிய பிறகு, வீட்டுக்குள்ளே, சொந்த ஜனங்களுக்கு மட்டும் சொல்லும் கதைகள் அவை. நடுவில் பாட்டும் வரும். ஒவ்வொரு துண்டு முடிந்ததும் கேட்பவர்கள் "அவுவே" என்று குரல் கொடுக்க வேண்டும். எங்களுக்கு அது வாயில் வரவில்லை, உம் கொட்டினோம். அக்காவுக்கு அது போதுமானதாக இருந்தது. ஒருநாள் நான் தலைவலியில் சும்மா இருந்துவிட்டேன். கதையைப் பட்டென்று நிறுத்திவிட்டார்.

"பதிலு வர்லன்னா கேக்கறவன் தூங்கிட்டான்னு அர்த்தம். தூங்கறவன்கிட்ட சொன்னா கதைக்குத்தான் அவமானம்," என்றார்.

இதில் நமக்குப் புரியாதது என்ன இருக்கிறது? கதை கேட்டால் உம் கொட்ட வேண்டும் என்று நம் வீட்டுப் பிள்ளைகளுக்கே தெரியும். அந்தப் பிள்ளைகள் வளர்ந்து, நாற்காலி போட்டு, மைக் வைத்ததும் மரக்கட்டை ஆகிவிடுகிறார்கள்.

சர்ச் ஆண்டுவிழாவில் அதுதான் நடந்தது. முதலில் அவரை ஓலைப் பாவாடை கட்டி ஆடச் சொன்னார்கள். ஆட மாட்டேன், கதை சொல்கிறேன் என்றார். அன்று எனக்கு ஷிஃப்ட், போக முடியவில்லை. எஸ்தர் போயிருந்தாள். யாரும் சத்தம் போடக்கூடாது என்று மைக்கில் இரண்டு தரம் சொன்னார்களாம். சபை கையைக் கட்டிக்கொண்டு கப்சிப் என்று உட்கார்ந்திருந்தது. அக்கா ஆரம்பித்தார், ஒரு துண்டு சொல்லிவிட்டுக் காத்திருந்தார். அடுத்த துண்டு. மறுபடி காத்திருந்தார். எஸ்தர் உம் கொட்டியதற்கு முன்வரிசை அம்மாள் திரும்பி முறைத்து வாயில் விரலை வைத்தாளாம். அக்கா கொஞ்ச நேரம் எல்லார் முகத்தையும் பார்த்தார். "இன்னா, அல்லாரும் தூங்கிட்டாங்கோ," என்று சொல்லிவிட்டு மேடையை விட்டு இறங்கிவிட்டார்.

அவ்வளவுதான். மறுநாளே ஊர் முழுக்கப் பேச்சு. பாவம், ரோசம்மாவுக்கு மறதி வந்துவிட்டது, பாதிக் கதையில் நின்றுவிட்டாள், முழித்திருப்பவர்களைத் தூங்குவதாகச் சொல்கிறாள். நான் ஜெரால்டைத் தேடிப் போய் விஷயத்தை விளக்கினேன். அவன் கேட்கத் தயாராக இல்லை. "ஆன்ட்டி, நீங்க அங்க இல்ல. எனக்கு மானமே போச்சு," என்றான். சின்ன வயதிலும் அவன் அப்படித்தான். மற்ற பையன்கள் கிண்டல் செய்கிறார்கள் என்று, அம்மா அவர் மொழியில் கூப்பிட்டால் திரும்பவே மாட்டான்.

ஒரு டாக்டரிடம் காட்டினான். மாத்திரை வந்தது. ராயபுரத்து வீட்டைக் காலி செய்து அம்மாவைக் கொடுங்கையூரில் தன் ஃபிளாட்டுக்குக் கொண்டுபோனான். மறதியில் எங்கேயாவது போய்விடுவார் என்று, வேலைக்குப் போகும்போது வெளியே பூட்டு. எங்கேயும் தொலைந்து போகாமல் பாதி உலகத்தைத் தாண்டி வந்த மனுஷிக்குப் பூட்டு.

நான் போனபோது இரும்புக் கதவுக்கு அந்தப் பக்கம் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். குப்பைமேட்டுப் புகை மாடிப்படி வரை வந்துகொண்டிருந்தது. கம்பி வழியாக என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"நான் இன்னா தப்பு பண்ணேன் சுபைதா? கத சொன்னேன், அதானே?"

மேடையில் பாதியில் நின்ற அந்தக் கதையைச் சொல்லுங்கள் என்று கேட்டேன். ஒரு பெண்ணை விரும்பிய விலாங்கு மீனின் கதை அது. அவள் ஓடும் ஊருக்கெல்லாம் அது பின்னால் வருகிறது. ஜனங்கள் அதைக் கொல்ல முடிவு செய்ததும், என் தலையை உன் வீட்டு முன்னால் புதைத்துவை என்று அவளிடம் கேட்டுக்கொண்டு செத்துப்போகிறது. அங்கே முளைத்ததுதான் முதல் தென்னை. தேங்காயில் இருக்கும் கண்ணும் வாயும் அதன் முகம், இளநீர் குடிப்பவர் ஒவ்வொருவரும் அதற்கு முத்தம் கொடுக்கிறார். நான் விடாமல் உம் கொட்டினேன். அக்கா ஒரு சொல் தடுமாறாமல், பாட்டோடு, கடைசிவரை சொன்னார்.

திரும்பினால் படியில் ஜெரால்டு நின்றுகொண்டிருந்தான். பாதிக்கு மேல் கேட்டிருப்பான் போல, முகம் மலர்ந்திருந்தது. "பாத்தீங்களா ஆன்ட்டி, மாத்திர நல்லா வேல செய்யுது," என்றான். அவனை அறைந்திருக்க வேண்டும். அறையவில்லை. நான் கிளம்பியதும் அவன் மறுபடி பூட்டுகிற சத்தம் கேட்டது. பூட்டு அக்கா சாகும்வரை இருந்தது.

அடக்கத்தில் பேசியவர்கள் எல்லாரும் நினைவு தப்பிய நிலையிலும் அவர் எவ்வளவு சாந்தமாக இருந்தார் என்று பாராட்டினார்கள். எல்லாரும் கலைந்தபின் ஜெரால்டு என்னிடம் வந்தான். கண் சிவந்திருந்தது. அவன் அழுதது பொய் என்று நான் சொல்ல மாட்டேன்.

"ஆன்ட்டி, அந்த வெலாங்கு கத... சின்னதுல அம்மா எனக்குச் சொல்லும். பாதிதான் ஞாபகம் கீது. உங்களுக்கு முழுசா தெரியுமா?"

"தெரியும்," என்றேன். "நாளைக்கே சபையக் கூட்டு. எங்கம்மா மறக்கல, நான்தான் மறந்துட்டேன்னு அந்த மேடையில ஏறிச் சொல்லு. நீ எறங்கினதும் நான் ஏறி முழுசாச் சொல்றேன்."

தலையைக் குனிந்துகொண்டு போய்விட்டான். இன்னும் வரவில்லை. லோசா அக்கா எனக்கென்று விட்டுப்போனது அவருடைய கதைகள்தான், ஒரு துண்டும் குறையாமல் என்னிடம் இருக்கின்றன. அவன் அந்த மேடையில் ஏறுகிறவரைக்கும் கோபமும் இருக்கும்.