தள்ளியவர்கள் உட்கார்ந்த மேடு

வாசகசாலை நண்பர்களே, இன்று காலை கம்பம் பஸ்ஸில் நடந்ததைச் சுடச்சுட எழுதி இந்தப் பலகையில் ஒட்டுகிறேன்.

யுத்தத்தால் பெட்ரோல் இல்லை. பஸ் அடுப்புக்கரி வாயுவில் ஓடுகிறது. மேடு வந்தால் திணறுகிறது. அனுமந்தன்பட்டிப் பக்கத்து மேட்டில் வழக்கம்போல எல்லாரையும் இறக்கிவிட்டார்கள். ஆண்கள் தள்ளினோம். பெண்கள் பின்னால் நடந்தார்கள்.

உச்சியில் நாங்கள் வண்டியில் ஏறியதும் கண்டக்டர் விசில் ஊதினார். ஒரு பிள்ளைத்தாய்ச்சி இன்னும் பாதி மேட்டில்தான் வந்துகொண்டிருந்தாள்.

"அங்கன ஒரு புள்ளத்தாச்சி வருதுல்ல, நிப்பாட்டுங்க" என்றேன்.

"நிண்டா எஞ்சின் அவிஞ்சுபோகும். யாருக்காகவும் நிக்கக் கூடாதுன்னு கம்பெனியில சொல்லியிருக்காக. சாயங்கால வண்டியில வரட்டும்" என்றார் கண்டக்டர்.

என் பக்கத்திலிருந்த கோம்பை விவசாயி எழுந்தார்.

"அப்ப கம்பெனி ஆளுகளையே வந்து தள்ளச் சொல்லுய்யா. டிக்கெட்டும் வாங்கி, வண்டியவும் தள்ளி, பொம்பளைய ரோட்டுல விட்டுட்டு வேற போகணுமோ?"

வண்டி நகர்வதற்குள் இறங்கிப் போய் அதன் முன்னால் உட்கார்ந்தார். நானும் உட்கார்ந்தேன். தள்ளிய அத்தனை பேரும் உட்கார்ந்துவிட்டோம்.

அந்தப் பெண் வந்து ஏறும்வரை வண்டி நின்றது. கண்டக்டர் சொன்னபடி எஞ்சினும் அணைந்தது. மறுபடி தள்ளினோம், ஒருவர்கூட முணுமுணுக்கவில்லை.

கடைசி ஆள் ஏறும்வரை நிற்பதாகக் கண்டக்டர் வாக்குக் கொடுக்காமல் இனி அந்த மேட்டில் யாரும் வண்டியில் கை வைப்பதில்லை என்று முடிவு செய்திருக்கிறோம்.

நாளைக்கு அந்த வண்டியில் வருகிறவர்கள் இதன் கீழேயே பெயர் எழுதுங்கள். கம்பெனி முதலாளிகளும் எழுதலாம்; வண்டியின் பின்பக்கத்தில் இன்னும் நாலு கைக்கு இடம் இருக்கிறது.