கெட்டியாக நின்ற கைப்பிடி

மட்டாஞ்சேரியில் ஹாண்ட்பிரேக்கை யாரும் மதித்ததில்லை. ஊர் அவ்வளவு சமதளம். வண்டியை எங்கே நிறுத்தினாலும் அங்கேயே நிற்கும். டாஷ்போர்டுக்குக் கீழே குடைப்பிடி மாதிரி நீட்டிக்கொண்டிருக்கும் அந்தக் கைப்பிடியில் டிரைவர்கள் பழம்பொரிப் பொட்டலத்தை மாட்டுவார்கள், ஈரத் துண்டைக் காயப்போடுவார்கள். இழுக்க மட்டும் மாட்டார்கள். இழுக்காத கேபிள் உப்புக் காற்றில் உறைக்குள்ளேயே துருப்பிடித்துக் கிடக்கும். எப்போதாவது இழுத்தால் நார்நாராகப் பிரியும். அப்போது என்னிடம் வருவார்கள்.

எழுபதுகளின் நடுவில் எனக்கு அங்கே ஒரு ஒர்க்ஷாப் இருந்தது. இரண்டு கார் நிற்கிற தகரக் கொட்டகை, ஒரு குழி, ஒரு ஜாக்கி, ஊர்ப்பட்ட வாய். எண்ணெய் வியாபாரத்துக்காகக் கொச்சிக்கு வந்த குடும்பம் எங்களுடையது. வியாபாரம் என் அப்பாவோடு போயிற்று, வாய் மட்டும் என்னிடம் தங்கியது. கிளட்சைத் தேய்த்துக்கொண்டு வருகிறவனை நாலு பேர் முன்னால் நிற்கவைத்து நாறடிப்பேன். அதை என் தொழில் சுத்தம் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். கேட்டவர்கள் சிரித்தார்கள், அதனால் நிறுத்தவில்லை.

சுக்கு, மிளகு ஏற்றுமதி செய்கிற ஒரு முதலாளியின் கார் என்னிடம்தான் வரும். அதன் டிரைவர் பாலக்காட்டுப் பக்கத்துத் தமிழன், ஏறக்குறைய என் வயது. எதையும் மென்று விழுங்கித்தான் பேசுவான். தன் மேலேயே நம்பிக்கை இல்லாத மாதிரி ஒவ்வொன்றையும் இரண்டு தடவை சரிபார்ப்பான். கதவைப் பூட்டிவிட்டு நாலடி போய்த் திரும்பி வந்து இழுத்துப் பார்ப்பான். எனக்கு அவனைக் கண்டாலே எரிச்சல்.

அந்த ஊரிலேயே ஹாண்ட்பிரேக் தேவைப்பட்ட ஒரே கார் அவன் ஓட்டியதுதான். மழைத் தண்ணீர் ஏறாமல் இருக்க முதலாளியின் கோடவுனை உயரமாகக் கட்டியிருந்தார்கள். முற்றத்திலிருந்து வாசலுக்கு ஒரு சரிவில் ஏற வேண்டும். அவருக்கு ஒரு பழக்கம் இருந்தது. வண்டி நின்ற மாத்திரத்தில் டிரைவர் ஓடிவந்து கதவைத் திறக்க வேண்டும், அவராகத் திறந்து இறங்கினால் அன்று முழுவதும் ஏச்சுதான். பேட்டரி வேறு சரியில்லை, எஞ்சினை அணைத்தால் மறுபடி பிடிக்காது. அதனால் டிரைவர் சரிவின் உச்சியில் வண்டியை நிறுத்தி, எஞ்சின் ஓட ஓட நியூட்ரலில் போட்டு, ஹாண்ட்பிரேக்கை இழுத்துவிட்டுக் குதித்து ஓடுவான். காரும் அதிலிருக்கும் மனிதரும் அந்த ஒரு கேபிளை நம்பி அங்கே நிற்பார்கள்.

ஒரு மழைக்காலத்தில் அது அறுந்தது. புதுக் கேபிளுக்கு எர்ணாகுளம் பிராட்வே கடைகளில் சொல்லி வைத்துக் காத்திருக்க வேண்டும். முதலாளிக்கு மறுநாளே வண்டி வேண்டும். எனக்கோ ‘முடியாது’ என்று சொல்வது கௌரவக் குறைச்சல். துறைமுகத்தில் இரும்பு வடத்தை ஒட்டுப்போடுகிறவர்களை நான் வேலை மெனக்கெட்டுப் பார்த்திருக்கிறேன். அறுந்த இரண்டு முனைகளையும் பிரித்து, இழையோடு இழை கோத்துப் பின்னி இறுக்கினால், அந்த வடம் மூட்டை மூட்டையாகத் தூக்கும். பிய்ந்த பகுதியை வெட்டி எறிந்துவிட்டு, படகுக் கம்பியில் ஒரு துண்டு வைத்து, கேபிளை நானும் அப்படியே பின்னினேன். இரண்டு ஆட்களைவிட்டு இழுக்கச் சொன்னேன். அசையவில்லை. கொட்டகையே வாயைப் பிளந்தது. எனக்குத் தலைகால் புரியவில்லை.

மூன்று மாதம் கழித்து டிரைவர் வந்தான்.

“மேஸ்திரி, ஹாண்ட்பிரேக்கில ஏதோ ஒண்ணு இருக்கு. கைப்பிடி கெட்டியாட்டு நிக்குது. ஆனா வண்டி கொறச்சு நகருற மாதிரி தோணுது.”

நான் குனிந்து கைப்பிடியை இழுத்தேன். பாறையாக நின்றது.

“கெட்டியாத்தானே இருக்கு? கேபிளுக்கு ஒண்ணும் இல்லை. உன் கைக்குத்தான் புதுக் கேபிள் மாத்தணும்.”

கொட்டகையில் இருந்த அத்தனை பேரும் சிரித்தார்கள். அவனும் சிரித்தான். சிரித்துவிட்டு வண்டியை எடுத்துக்கொண்டு போனான்.

இரண்டு வாரம் போயிருக்கும். ஒரு காலையில், சரிவின் உச்சியில் நின்ற அந்தக் கார், அவன் இறங்கிக் கதவைத் திறக்க ஓடிய நேரத்தில் பின்னால் உருண்டது. கீழே முற்றத்தில் பெண்கள் சாக்கை விரித்து சுக்கு பொறுக்கிக்கொண்டிருந்தார்கள். மற்றவர்கள் எழுந்து ஓடிவிட்டார்கள். முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்த ஒருத்தியால் முடியவில்லை. காருக்கும் சுவருக்கும் நடுவில் அவளுடைய வலது கால் சிக்கியது. கோடவுனில் மூட்டை தூக்கும் சுமட்டுக்காரர்கள் ஆறு பேர் சேர்ந்து காரைத் தூக்கி அவளை எடுத்தார்கள். முதலாளிக்கு ஒரு கீறலும் இல்லை. மறுநாள் ஆஸ்பத்திரியில் அவள் காலை முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்கள்.

விபத்து நடந்த அரைமணி நேரத்தில் எனக்கு ஆள் வந்தது. போனபோது காரை முற்றத்தில் தள்ளி நிறுத்தியிருந்தார்கள். டிரைவரின் சட்டைக் காலரை ஒரு சுமட்டுக்காரன் பிடித்திருந்தான். டிரைவருக்கு உதடு கிழிந்து ரத்தம் வடிந்தது. சாக்கின் மேல் சுக்கு அப்படியே சிதறிக் கிடந்தது. போலீஸ்காரர் ஒருவரும் இருந்தார்.

“மேஸ்திரி, நான் இழுத்தேன். சத்தியமாட்டு இழுத்தேன். நீங்க பறைஞ்சாப் போதும்.”

முதலாளி என்னைப் பார்த்தார். “பிரேக்குக்குக் கேடு உண்டா இல்லையா? அது மட்டும் சொல்லு.”

நான் காரின் கதவைத் திறந்து, எல்லோரும் பார்க்கும்படி ஒதுங்கி நின்று, கைப்பிடியை இழுத்தேன். கெட்டியாக நின்றது. போலீஸ்காரரை இழுத்துப் பார்க்கச் சொன்னேன். அவரும் இழுத்தார். தலையாட்டினார்.

“பிரேக் நல்லாத்தான் இருக்கு. இழுத்தா நிக்கும். இழுக்கணும், அவ்வளவுதான்.”

டிரைவர் என் கையைப் பிடித்துக்கொண்டான். “கைப்பிடியை மட்டும் நோக்காதீங்க மேஸ்திரி. ஒரு வட்டம் வண்டியைத் தள்ளி நோக்குங்க. ஒரே ஒரு தடவை.”

“தள்ளிப் பார்க்க நான் என்ன போர்ட்டரா?” என்றேன்.

அந்த நிலைமையிலும் இரண்டு பேர் சிரித்தார்கள். அந்தச் சிரிப்புக்காகத்தான் அப்படிச் சொன்னேன். வேறு காரணம் எதுவும் எனக்கு இல்லை. அதற்குப் பிறகு அவனை யாரும் பேசவிடவில்லை. அடுத்த அடி முதலாளியின் கையிலிருந்துதான் விழுந்தது. நான் சொன்னதைப் போலீஸ்காரர் எழுதினார், நான் கையெழுத்துப் போட்டேன். என் கையெழுத்து அழகாக இருக்கும்.

மறுநாள் பின்பக்கத்து நசுங்கலை எடுக்கக் காரை என் கொட்டகைக்கு அனுப்பினார்கள். மனசுக்குள் எங்கோ ஒரு முள் இருந்திருக்க வேண்டும். நசுங்கலைத் தொடுவதற்கு முன்னால் பின்சக்கரங்களை ஜாக்கியில் தூக்கினேன். கைப்பிடியை இழுத்தேன். கெட்டியாக நின்றது. பின்னால் போய்ச் சக்கரத்தைக் கையால் சுற்றினேன்.

சுற்றியது. ஒரு விரலால் தள்ளினாலும் சுற்றியது.

குழிக்குள் இறங்கினேன். காலால் மிதிக்கிற பிரேக் நன்றாகப் பிடித்தது, அதனால் சக்கரத்தின் டிரம்முக்குள் இருந்து அதை அழுத்திப் பிடிக்கும் ஷூவில் கோளாறில்லை. கைப்பிடியை இழுக்கும்போது டிரம்மிலிருந்து நீட்டிக்கொண்டிருக்கும் சின்ன நெம்புகோல் அசைகிறதா என்று பார்க்க, ஒரு ஆளை மேலே உட்கார்த்தி இழுக்கச் சொன்னேன். துளி அசைந்து நின்றது. டார்ச்சைக் கேபிளின் மேல் ஓட்டிக்கொண்டே போனேன். உறையின் வாயில் வெளிச்சம் பட்டதும் டார்ச்சை அங்கேயே நிறுத்தினேன்.

என் பின்னல் அங்கே முட்டிக்கொண்டு நின்றது. வடத்தில் போடுகிற ஒட்டு தூக்கினால் போதும், எதற்குள்ளும் நுழைய வேண்டியதில்லை. காரின் கேபிள் உறைக்குள் போய்வர வேண்டும். என் பின்னல் கேபிளைவிட இருமடங்கு தடிமன். புதிதாக இருந்தபோது கேபிள் கொஞ்சம் நகர்ந்தாலே ஷூ பிடித்துவிடும், பின்னல் உறையின் வாயைத் தொடாது. மூன்று மாதத்தில் கம்பி நீண்டு, ஷூவும் தேய்ந்து, அது இன்னும் தூரம் நகர வேண்டியிருந்தது. நகர முடியாமல் பின்னல் உறையின் வாயில் போய் இடித்து நின்றது. அதற்கப்புறம் கைப்பிடியை எத்தனை பலமாக இழுத்தாலும் அத்தனை பலமும் உறையின் வாயோடு முடிந்துவிடும், சக்கரத்துக்கு ஒன்றும் போய்ச் சேராது. கைக்கு மட்டும் பாறை மாதிரி இருக்கும்.

அவன் இழுத்திருக்கிறான். அவன் குணத்துக்கு இரண்டு தடவை இழுத்திருப்பான்.

மேலே உட்கார்ந்திருந்தவனிடம் “ஒண்ணுமில்லை, நீ போ” என்றேன். உண்மையைச் சொன்னால் சுமட்டுக்காரர்கள் அன்று மாலையே என் கொட்டகையைப் பிரித்து எறிந்திருப்பார்கள். அந்தப் பயம் உண்டு, மறுக்கவில்லை. அதைவிடப் பெரிதாக ஒன்று இருந்தது. என் பின்னலைப் பார்த்து வாயைப் பிளந்தவர்கள் நாளைக்கு என்னைப் பார்த்துச் சிரிப்பார்கள். ஒருத்தியின் கால் போய், ஒருத்தனின் பிழைப்புப் போய்க் கிடக்கும்போது நான் அதை நினைத்துத்தான் வேர்த்தேன். இப்போது எழுதும்போதும் என்மேல் எனக்கு அருவருப்பாக இருக்கிறது.

பிராட்வேக்குப் போய்ப் புதுக் கேபிளுக்காக மூன்று கடை ஏறி இறங்கினேன். முன்பே ஏறி இறங்கியிருந்தால் முன்பே கிடைத்திருக்கும். பழையதை இரு முனையிலும் கழற்றி உருவினேன். புதியதற்கு உறையின் உள்ளே வரை கிரீஸ் விட்டு மாட்டினேன். கைப்பிடி ‘டக் டக்’ என்று நாலாவது பல்லில் ஏறும்போது சக்கரம் பூட்டிக்கொள்ளும்படி நட்டை முறுக்கினேன். சக்கரத்தைக் கையால் சுற்றிப் பார்த்தேன், அசையவில்லை. வாழ்நாளில் அவ்வளவு சுத்தமாக நான் ஒரு வேலை செய்ததில்லை.

வேலை முடியும் சமயத்தில் டிரைவர் கொட்டகை வாசலில் வந்து நின்றான். லைசென்ஸைப் பிடுங்கியிருந்தார்கள். உதடு வீங்கியிருந்தது.

“கேபிளை நோக்கினீங்களா மேஸ்திரி?”

“பார்த்தேன்.”

“கேடு ஏதாவது...”

“எல்லாம் சரியாத்தான் இருந்தது.”

என் காலடியில் கிடந்த பழைய கேபிளைப் பார்த்தான். “பின்னே எதுக்கு மாத்தினீங்க?”

“முதலாளிக்குத் திருப்தி வேணாமா?” என்றேன். பாதத்தால் பின்னலை மறைத்துக்கொண்டுதான் நின்றிருந்தேன்.

அவன் தலையை ஆட்டிவிட்டுப் போனான். அன்று சாயங்காலமே அந்தக் கேபிளைக் காயலில் எறிந்தேன்.

அப்புறம் பதினொரு வருடம் நான் அவனைப் பார்க்கவில்லை. அவன் கண்ணில் படாத தெருக்களில் நடந்தேன் என்பதே சரி. எண்பதுகளின் பிற்பகுதியில் ஒருநாள், வாடிக்கைக்காரர் ஒருவரின் காரை எதிர்க்கரைத் தீவான வைப்பினில் கொண்டுபோய் விட வேண்டியிருந்தது. ஃபோர்ட் கொச்சியில் ஜங்காரில், அதாவது வண்டிகளை ஏற்றிப் போகிற தட்டைப் படகில், ஏற்றினேன். வெறுங்காலோடு ஒருவன் முக்கோண மரக்கட்டைகளைச் சுமந்துவந்து ஒவ்வொரு வண்டியின் சக்கரத்துக்கும் அடியில் செருகிக்கொண்டே வந்தான்.

“ஹாண்ட்பிரேக் போட்டாச்சு” என்றேன்.

“போட்டிருந்தாலும் கட்டை வைக்கணும் சேட்டா” என்றவன் நிமிர்ந்து பார்த்தான். தலை முழுக்க நரைத்திருந்தது. “ஐயோ, மேஸ்திரி!”

சந்தோஷத்தோடுதான் கூப்பிட்டான். அதுதான் என்னால் தாங்க முடியாததாக இருந்தது. படகு நகர்ந்ததும் என் ஜன்னலருகே வந்து நின்றான். அந்த ஜங்காரில் வேலைக்குச் சேர்ந்து சில வருடம் ஆகிறதாம். நான் எதுவும் கேட்காமலே, அந்தப் பெண்ணைப் பற்றிச் சொன்னான்.

“ஊன்றுகோல் வச்சு நடப்பாங்க. குடிக்கிற வெள்ளம் எடுக்கத்தான் பாடு. தெருப் பைப்பு தூரத்துல இருக்கு. விடியக்காலை நான் போய் நாலு குடம் எடுத்து வச்சுட்டு வருவேன்.”

“தினமுமா?”

“பதினோரு வருஷமாச்சு. முதல்ல அவங்க மொகத்தைக் காட்ட மாட்டாங்க. இப்போ சாயா தருவாங்க.”

நடுவழியில் இருந்தோம், கரை சேர இன்னும் சில நிமிடம் இருந்தது. சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன். அவன் முந்திக்கொண்டான்.

“நான் இழுத்தேன்னுதான் கொறச்சு காலம் நெனச்சிட்டிருந்தேன் மேஸ்திரி. ராத்திரியெல்லாம் அதே யோசனை. பொறகு ஒருநாள் தெளிஞ்சுது. தொழிலறிஞ்ச ஆள் நீங்க, எல்லாரும் பாக்க இழுத்துக் காட்டினீங்க. கெட்டியாத்தானே நின்னுது? அப்போ நான் இழுக்கலை. இழுத்ததா எனக்குத் தோணியிருக்கு. என் கைக்குத்தான் கேபிள் மாத்தணும்னு நீங்க முன்னாடியே பறைஞ்சீங்களே.” சிரித்தான். “அதை ஒத்துக்கிட்ட பொறகுதான் எனக்கு உறக்கம் வந்தது.”

அவன் தூக்கத்தைக் கெடுப்பானேன் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். சுத்தப் பொய். நான் காப்பாற்றியது என் தூக்கத்தைத்தான். திறந்த வாயை மூடிக்கொண்டேன்.

வைப்பின் கரை வந்தது. குனிந்து கட்டைகளை உருவினான். “பாத்துப் போங்க மேஸ்திரி” என்று கையசைத்தான். நான் வண்டியைக் கரையேற்றி, நூறு அடி தள்ளி ஓரங்கட்டினேன். ஹாண்ட்பிரேக்கை இழுத்தேன். இறங்கிப் பின்னால் போய், இரண்டு கையாலும் வண்டியை ஒருமுறை தள்ளிப் பார்த்தேன். அதற்கு எனக்கு அரை நிமிடம்கூட ஆகவில்லை. அன்றைக்கு அவன் என்னிடம் கேட்டது இவ்வளவுதான்.